பாலியல் வன்முறை வழக்குகள்: பதிவாவது எவ்வளவு, பதிவானது எங்கே உடைகிறது?

கரையோரக்கல் கேட்டது:

தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் (என்.சி.ஆர்.பி.) 2022 அறிக்கையில் நாடு முழுக்க வன்புணர்வு வழக்குகள் 31,516. 2019-21 தேசியக் குடும்ப நல ஆய்வோ, 18 முதல் 49 வயதுப் பெண்களில் 6 சதவீதம் பேர் வாழ்நாளில் ஒருமுறையாவது பாலியல் வன்முறைக்கு ஆளானவர்கள் என்கிறது. ஒன்று ஆயிரக்கணக்கு, இன்னொன்று கோடிக்கணக்கு. எதை எடுத்துச் சொல்வது?

இரண்டாவது, தண்டனை விகிதம் 27 சதவீதம் என்றதும் 'மீதி 73 சதவீதமும் பொய்ப் புகார்' என்று ஒரு கூட்டம் கிளம்பிவிடுகிறது. நேரான பதில் என்ன?

மூன்றாவதுதான் எனக்கு முக்கியம். பாதிக்கப்பட்ட பெண்ணுக்குத் துணையாக ஸ்டேஷனுக்கும் ஆஸ்பத்திரிக்கும் போகிற தன்னார்வலர்களுக்குக் குறிப்பு தயாரிக்கிறோம். தமிழ்நாடு, 18 வயதுக்கு மேற்பட்டவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் வாரத்தில் எது தவறினால் பிறகு சரிசெய்ய முடியாமல் போகிறது? 'தைரியமாகப் புகார் கொடுங்கள்' வகை அறிவுரை வேண்டாம், அது கைவசம் நிறைய இருக்கிறது.

---

புள்ளிக்கணக்கு:

முதல் இரண்டுக்கு மட்டும் சொல்கிறேன். மூன்றாவதற்கு இங்கே வேறு ஆட்கள் இருக்கிறார்கள்.

அந்த இரண்டு எண்களும் ஒரே பொருளை அளக்கவில்லை. என்.சி.ஆர்.பி. எண்ணுவது ஓர் ஆண்டில் பதிவான எஃப்.ஐ.ஆர்.களை. ஆய்வு எண்ணுவது வாழ்நாளில் நடந்ததைச் சொன்ன பெண்களை. இதை எல்லோரும் சொல்வார்கள். அதைவிடப் பெரிய வேறுபாடு ஒன்று உண்டு. ஆய்வில் பாலியல் வன்முறையைச் சொன்ன மணமான பெண்களில் 80 சதவீதத்துக்கு மேற்பட்டோர் கைகாட்டியது இப்போதைய கணவரை. பாரதிய நியாய சன்ஹிதா (பி.என்.எஸ்., பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 63ஆம் பிரிவின் இரண்டாவது விதிவிலக்குப்படி, 18 வயது நிறைந்த மனைவியிடம் கணவன் செய்வது வன்புணர்வே அல்ல. ஆகவே அத்தனை பெண்களும் நாளைக்கே ஸ்டேஷன் வாசலில் வந்து நின்றாலும் அந்த 31,516 பெரிதாக நகராது. போனால் கொடுமைப்படுத்துதல் என்று 85ஆம் பிரிவில் போகும், அல்லது 2005 குடும்ப வன்முறைச் சட்டத்தில் மனுவாகும். இதைச் சொல்லாமல் இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து 'இத்தனை மடங்கு மறைக்கப்படுகிறது' என்று எழுதுவது தப்புக்கணக்கு.

இன்னும் இரண்டு கசிவுகள். ஒரு எஃப்.ஐ.ஆரில் பல பிரிவுகள் இருந்தால் கடுமையான குற்றத்தின் கீழ்தான் என்.சி.ஆர்.பி. அதை எண்ணும். வன்புணர்ந்து கொன்றால் அது கொலைக் கணக்கு (தனி வரி கொடுத்திருக்கிறார்கள், தேடிப் பார்க்க வேண்டும்). குழந்தைகள் மீதான குற்றங்கள் பெரும்பாலும் போக்சோ (குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான சட்டம்) அட்டவணைக்குப் போய்விடும், அது ஆண்டுக்கு அறுபதாயிரத்துக்கு மேல். ஆண்களும் திருநரும் இரண்டிலும் இல்லை. ஆய்வு அவர்களிடம் இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. புதிய சட்டத்தில், பழைய தண்டனைச் சட்டத்தின் 377 (இயற்கைக்கு மாறான உறவு) போன்ற பிரிவும் இல்லை. வயது வந்த ஆண் மீது நடக்கும் வன்புணர்வுக்கு 2024 ஜூலை 1 முதல் தனிப் பிரிவே கிடையாது.

எண் கூடினால் குற்றம் கூடிவிட்டது என்றும் எழுதாதீர்கள். 2012இல் 24,923 ஆக இருந்தது 2013இல் 33,707 ஆனது. ஒரே வருடத்தில் வன்முறை மூன்றில் ஒரு பங்கு பெருகிவிடவில்லை. 2012 டிசம்பர் டெல்லி கூட்டு வன்புணர்வுக்குப் பின் வரையறை விரிந்தது, சம்மத வயது 16இலிருந்து 18 ஆனது, பதிய மறுக்கும் போலீஸ்காரருக்குத் தண்டனை வந்தது. பதிவு கூடியது.

27 சதவீதத்துக்கு வருவோம். அந்த ஆண்டு விசாரணை முடிந்து தீர்ப்பான வழக்குகளில் தண்டனையில் முடிந்தவை அவ்வளவு. பதிவானவற்றில் அல்ல. நிலுவை 90 சதவீதத்துக்கு மேல் என்பதால், தீர்ப்பானவை பெரும்பாலும் பல வருடப் பழைய வழக்குகள். விடுதலை என்றால் சந்தேகத்துக்கு அப்பால் நிரூபணமாகவில்லை என்றுதான் பொருள். புகார் பொய் என்று போலீஸ் முடித்துவைப்பது விசாரணைக்கு முந்திய கட்டத்திலேயே நடக்கிறது, அதற்குத் தனிக் கணக்கு உண்டு. இரண்டையும் கூட்டக் கூடாது.

ஒரே ஒரு எண்தான் வேண்டுமென்றால் இதை எடுங்கள்: உடல் அல்லது பாலியல் வன்முறையை அனுபவித்த பெண்களில் அதை நிறுத்த யாரிடமாவது உதவி தேடியவர்கள் 14 சதவீதம். போலீசிடம் போனவர்கள் அல்ல. யாரிடமாவது, அம்மாவையும் சேர்த்து.

---

வழக்குக்கட்டு:

மூன்றாவதற்கு. பெரும்பாலான வழக்கு உடைவது புகாரின் மொழியில். இதை முதலில் வைக்கக் காரணம், துணைக்குப் போகிறவர் கையில் இருக்கும் ஒரே விஷயம் இதுதான்.

நம் ஊரில் புகார் எப்படி எழுதப்படுகிறது? 'என்னிடம் தவறாக நடந்துகொண்டார்', 'என்னைக் கெடுத்துவிட்டார்', 'மானபங்கப்படுத்தினார்'. எழுதித் தருபவரின் கூச்சம் இது. இந்த வார்த்தைகளை வைத்து ஆய்வாளர் பி.என்.எஸ். 74ஆம் பிரிவை (மானபங்கம்) போடுவார், ஒன்று முதல் ஐந்து வருடம். 64 (வன்புணர்வுக்கான தண்டனை) என்றால் குறைந்தபட்சமே பத்து வருடம். நான்கு நாள் கழித்து மாஜிஸ்திரேட் முன்னால் அந்தப் பெண் நடந்ததை முழுதாகச் சொல்வார். பிரிவு மாற்றப்படும். இரண்டு வருடம் கழித்துக் குறுக்கு விசாரணையில் முதல் கேள்வி: 'புகாரில் இது இல்லையே, யார் சொல்லிக் கொடுத்தது?' இதற்கு 'மேம்படுத்திச் சொன்ன சாட்சியம்' என்று பெயர்.

எனவே எந்த உறுப்பை, எதை, எங்கே என்று அவர் சொன்னபடியே எழுத வேண்டும். 63ஆம் பிரிவு ஆணுறுப்பை மட்டும் சொல்லவில்லை. விரல், பொருள், வாய் எல்லாம் அதில் அடக்கம். முழுமையாக நுழைய வேண்டும் என்பதும் இல்லை. எதிர்த்துப் போராடவில்லை என்பதாலேயே சம்மதித்ததாகக் கொள்ளக் கூடாது என்று விளக்கமும் அங்கேயே இருக்கிறது. 'பயத்தில் அசையவில்லை' என்றால் அப்படியே எழுதுங்கள். அதை 'கத்திப் போராடினேன்' என்று அழகுபடுத்தினால் காயமில்லாத மருத்துவ அறிக்கை வந்து குப்புறத் தள்ளும். மறுபக்கத் தவறும் உண்டு: வக்கீல் மொழியைப் புகாருக்குள் திணிப்பது. ஐந்தாவது வரை படித்தவரின் புகாரில் 'எனது சம்மதமின்றி வலுக்கட்டாயமாக ஊடுருவினார்' என்றிருந்தால் எதிர்த்தரப்பு சும்மா இருக்காது.

தாமதமானால் காரணத்தை அந்த முதல் புகாரிலேயே சொல்லிவிட வேண்டும். மிரட்டல், வீட்டில் தடை, ஆஸ்பத்திரியில் இருந்தது, எதுவானாலும். சரியாகத் தெரியாத நேரத்துக்கு 'சுமார்' போடுங்கள். உத்தேசமாக 9.10 என்று எழுதி, பிறகு செல்போன் பதிவு 10.40 என்று காட்டினால் மொத்தமும் சந்தேகத்துக்குள்ளாகும்.

இனி ஸ்டேஷன். எந்த எல்லையில் நடந்திருந்தாலும் எந்த ஸ்டேஷனும் பதியலாம், பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 173. பெண் அதிகாரிதான் பதிய வேண்டும். உடல் அல்லது மனக் குறைபாடு உள்ளவர் என்றால் அவர் வீட்டுக்கோ அவருக்கு வசதியான இடத்துக்கோ வந்து, மொழிபெயர்ப்பாளரையோ சிறப்புக் கல்வியாளரையோ வைத்து, வீடியோவுடன். மின்னஞ்சலிலும் அனுப்பலாம், ஆனால் மூன்று நாளுக்குள் போய்க் கையெழுத்திட வேண்டும். எஃப்.ஐ.ஆர். நகல் இலவசம்.

இங்கே வழக்கமாக நடப்பது: சி.எஸ்.ஆர். ரசீது (மனு வந்ததற்கான ஒப்புகை) ஒன்றைக் கொடுத்து 'விசாரிக்கிறோம், போங்க' என்பார்கள். சி.எஸ்.ஆர். எஃப்.ஐ.ஆர். அல்ல. இத்தகைய குற்றத் தகவல் வந்தால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்ற உச்ச நீதிமன்றத்தின் லலிதா குமாரி தீர்ப்பு (2013) வந்த பிறகு இதில் விவாதத்துக்கே இடமில்லை. இப்போது புதிதாக '14 நாள் முதற்கட்ட விசாரணை இருக்கிறது' என்று ஒரு பதில் வருகிறது. அது இருப்பது உண்மைதான், ஆனால் மூன்று வருடத்துக்குக் குறையாமல் ஏழு வருடத்துக்குள் தண்டனை உள்ள குற்றங்களுக்கு மட்டும், அதுவும் டி.எஸ்.பி. அனுமதியோடு. 64க்கு அது பொருந்தாது. 74க்குப் பொருந்தும். புகாரின் மொழி எவ்வளவு தூரம் வந்து தாக்குகிறது, பாருங்கள்.

மறுத்தால் புகாரின் சாரத்தைப் பதிவுத் தபாலில் எஸ்.பி.க்கு, மாநகரமென்றால் கமிஷனருக்கு. அஞ்சல் ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். அதற்கும் அசையவில்லை என்றால் பிரமாணப் பத்திரத்துடன் மாஜிஸ்திரேட்டிடம். பதிய மறுத்த அதிகாரிக்கு பி.என்.எஸ். 199இல் ஆறு மாதம் முதல் இரண்டு வருடம். இந்த எண்ணை மெதுவாக உச்சரித்தாலே பல இடங்களில் கம்ப்யூட்டர் வேலை செய்யத் தொடங்கும்.

போலீஸ் தனியாகப் பதியும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்து வாங்கக் கூடாது. கையெழுத்து புகாரில் மட்டும். வெற்றுத்தாளில் எதற்கும் இல்லை.

மாஜிஸ்திரேட் வாக்குமூலம் இப்போது 183 (கோர்ட்டில் எல்லோரும் இன்னும் 164 என்றுதான் சொல்கிறார்கள்). கூடியவரை பெண் மாஜிஸ்திரேட். இது தனியே சாட்சியமாகாது. பிறகு கூண்டில் சொல்வதை வலுப்படுத்தவோ மறுக்கவோதான் பயன்படும். அதனால் போகும் முன் 'புகாரை ஒருமுறை மனப்பாடம் செய்துகொள்' என்று யாரும் சொல்லாதீர்கள். ஒப்பித்தது போல் வந்தால் அதுவும் கெடுதல்.

---

வெள்ளைக்கோட்டு:

ஆஸ்பத்திரிப் பக்கம்.

எஃப்.ஐ.ஆர். இல்லாமலே நேராக ஆஸ்பத்திரிக்கு வரலாம். போலீஸ் கடிதம் கொண்டுவா என்று திருப்பி அனுப்புவது தவறு. அரசு, தனியார் இரண்டும் இலவசமாக உடனே சிகிச்சை தர வேண்டும், மறுத்தால் பி.என்.எஸ். 200. ஸ்டேஷன் வழியாக வந்தால் தகவல் கிடைத்த 24 மணி நேரத்துக்குள் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும், அறிக்கை ஏழு நாளுக்குள் விசாரணை அதிகாரிக்குப் போக வேண்டும்.

சம்மதம் மூன்று தனித்தனி கேள்வி: பரிசோதனைக்கும் சிகிச்சைக்கும், மாதிரி எடுக்க, போலீசுக்குத் தெரிவிக்க. ஒன்றுக்கு ஆம், மற்றதற்கு இல்லை என்று சொல்லலாம். ஆஸ்பத்திரி போலீசுக்குத் தகவல் சொல்லத்தான் வேண்டும், ஆனால் 'வழக்கு வேண்டாம்' என்று அவர் சொன்னதையும் எழுதி வைக்க வேண்டும். மாதிரி வேண்டாம் என்றார் என்பதற்காகச் சிகிச்சையை நிறுத்தக் கூடாது.

பெண் டாக்டர் வரட்டும் என்று ஆறேழு மணி நேரம் உட்கார வைப்பது அடிக்கடி நடக்கிறது. பாதிக்கப்பட்டவர் ஒப்புக்கொண்டால் பெண் உதவியாளர் உடனிருக்க ஆண் மருத்துவரும் பார்க்கலாம். அந்த ஆறு மணி நேரத்தில் அவர் சிறுநீர் கழித்திருப்பார், தண்ணீர் குடித்திருப்பார், வாய் கொப்பளித்திருப்பார்.

துணி: நடந்தபோது அணிந்திருந்தது, உள்ளாடை உட்பட. ஒவ்வொன்றும் தனிக் காகித உறையில். பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கட்டினால் ஈரம் உள்ளேயே நின்று பூஞ்சை பிடித்து டி.என்.ஏ. சிதைந்துவிடும். ஈரமாக இருந்தால் நிழலில் உலர்த்தி மடிக்க வேண்டும், கறை மேல் கறை படாமல் நடுவில் தாள் வைத்து. வெயில் கூடாது, மின்விசிறிக்கு நேரே கூடாது. ஆடை மாற்றும்போது பெரிய தாள் ஒன்றை விரித்து அதன் மேல் நின்று மாற்றச் சொல்வோம். உதிரும் முடி, மண், நூல் எல்லாம் அந்தத் தாளில் விழும், அதையும் மடித்து உறையிலிட வேண்டும். உறைகளில் மருத்துவரின் முத்திரை, தனியாக ஒரு மாதிரி முத்திரை, யார் கையில் எத்தனை மணிக்குக் கொடுத்தோம் என்ற கையெழுத்து. ஒப்படைப்பில் ஒரு கையெழுத்து விட்டுப்போனால் நடுவில் பை எங்கே இருந்தது என்ற கேள்விக்குப் பதில் இல்லாமல் ஆய்வக அறிக்கையே மதிப்பிழக்கும்.

சிகிச்சை: கருத்தடைக்கு லெவோனார்ஜெஸ்ட்ரல் 1.5 மி.கி. ஒரே வேளை, 72 மணி நேரத்துக்குள் நல்லது, 120 மணி வரை ஓரளவு பலன். இரண்டு மணி நேரத்துக்குள் வாந்தி எடுத்தால் மறுபடி. எச்.ஐ.வி. தடுப்பு மருந்து 72 மணிக்குள் தொடங்கி 28 நாள் விடாமல். முதல் வாரத்திலேயே குமட்டலால் நிறுத்திவிடுகிறார்கள், தன்னார்வலர் கவனிக்க வேண்டிய இடம் இது.

இருவிரல் சோதனை கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2013இலும், செய்பவர் ஒழுங்கீனம் செய்தவர் ஆவார் என்று 2022இலும் சொல்லிவிட்டது. இருந்தும் அறிக்கையில் 'உடலுறவுக்குப் பழக்கப்பட்டவர்' என்ற வரி எங்காவது எட்டிப்பார்க்கிறது. நகல் கிடைத்ததும் அந்த வரியைத் தேடுங்கள். அப்படி எழுதியிருந்தால் உடனே அரசு வழக்கறிஞர் கவனத்துக்குக் கொண்டுபோக வேண்டும்.

---

கரையோரக்கல்:

நன்றி. ஒரு சந்தேகம். நான்கு ஐந்து நாள் ஆகிவிட்டது, குளித்தாயிற்று, துணியைத் துவைத்தாயிற்று. இதற்குமேல் ஆஸ்பத்திரிக்குப் போய் என்ன என்று கேட்கிறார்கள். போவதில் பொருள் உண்டா?

---

வெள்ளைக்கோட்டு:

உண்டு. சுகாதார அமைச்சகத்தின் 2014 நெறிமுறைப்படி 96 மணி நேரம் வரை எல்லா மாதிரிகளும் எடுக்க வேண்டும். விந்தணுவை 72 மணி வரைதான் நுண்ணோக்கியில் எதிர்பார்க்கலாம், அதற்குப் பிறகு விந்துநீர், டி.என்.ஏ. சோதனைக்கு அனுப்புவோம். 96ம் தாண்டினாலும் நிறம் மாறிவரும் காயத்தைப் பதியலாம், கர்ப்பமும் தொற்றும் பார்க்கலாம். துவைத்த துணியையும் கொண்டுவரச் சொல்லுங்கள், கறை முழுக்கப் போயிருக்கும் என்று நாமாக முடிவு செய்ய வேண்டாம்.

அதைவிட முக்கியம், குளித்தது, துவைத்தது, எத்தனை மணி நேரம் ஆனது எல்லாம் அறிக்கையில் ஏற வேண்டும். 'ஒன்றும் கிடைக்கவில்லை' என்ற முடிவுக்குப் பக்கத்தில் ஏன் கிடைக்காமல் போயிருக்கலாம் என்பதும் இருந்தால்தான் கோர்ட்டில் அந்த முடிவு புகாருக்கு எதிராக நிற்காது.

கர்ப்பம் என்றால் 24 வாரம் வரை கலைக்கச் சட்டம் இடம் தருகிறது. கலைத்த திசுவை டி.என்.ஏ.வுக்கு அனுப்பும்போது சலைனில் வைத்துக் குளிரில் அனுப்ப வேண்டும். பழக்கதோஷத்தில் யாராவது ஃபார்மலினில் போட்டுவிட்டால் டி.என்.ஏ. சேதமாகிவிடும். அந்த ஒரு ஜாடியோடு வழக்கின் மிக வலுவான சான்றும் போகும்.

---

வாய்தா:

கெடு விஷயத்தில் யாரும் ஏமாற வேண்டாம். 64 முதல் 71 வரையிலான குற்றங்களில் (69 நீங்கலாக) இரண்டு மாதத்தில் புலன் விசாரணை, குற்றப்பத்திரிகைக்குப் பின் இரண்டு மாதத்தில் விசாரணை முடிய வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. மீறினால் என்ன என்று சொல்லவில்லை. பல் உள்ள கெடு ஒன்றுதான்: 64இல் கைதாகி 90 நாளில் குற்றப்பத்திரிகை வராவிட்டால் எதிரிக்கு (குற்றம் சாட்டப்பட்டவருக்கு) ஜாமீன் உரிமையாகிவிடும். 80ஆம் நாளில் ஆய்வாளரிடம் கேட்டுவிடுங்கள். தடய ஆய்வகத்தில் தாமதம் என்பார்கள். அறிக்கை வராமலே குற்றப்பத்திரிகை போட்டு, பிறகு கூடுதலாகத் தாக்கல் செய்யலாம்.

எவ்வளவு காலம் என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே இரண்டு எல்லை. தருமபுரி மாவட்ட வாச்சாத்தி கிராமத்தில் அரசு ஊழியர்கள் நடத்திய வன்முறை 1992 ஜூன், தருமபுரி நீதிமன்றத் தீர்ப்பு 2011 செப்டம்பர், உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது 2023 செப்டம்பர். 269 அரசு ஊழியர்கள் குற்றவாளிகள் என்றபோது 54 பேர் உயிரோடு இல்லை. மறுமுனையில், 2024 டிசம்பரில் சென்னையிலுள்ள அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில் நடந்தது, 2025 மே மாதம் குற்றவாளி என்று தீர்ப்பு. சட்டம் பெரிதாக மாறிவிடவில்லை. பின்னதில் உயர் நீதிமன்றக் கண்காணிப்பும், பெண் அதிகாரிகள் கொண்ட சிறப்புப் புலனாய்வுக் குழுவும், வாய்தா கொடுக்காத நீதிமன்றமும் சேர்ந்தன.

காலம் நீண்டால் பிறழ் சாட்சி, அதாவது முன்பு சொன்னதைக் கூண்டில் மாற்றிச் சொல்வது. 96 சதவீதத்துக்கு மேற்பட்ட வழக்குகளில் எதிரி தெரிந்தவர், உறவு, பக்கத்து வீடு, வேலை கொடுத்தவர். இரண்டு வருடம் ஒரே தெருவில் இருந்தாக வேண்டும். சமரசம் பேச வருகிறவர்கள் பெண்ணிடம் வருவதில்லை, அண்ணனிடமும் அப்பாவிடமும்தான் வருவார்கள். மிரட்டல் வந்தால் வாய்மொழியாக ஆய்வாளரிடம் சொல்லி விடாமல் தனிப் புகாராக, தேதியோடு. சாட்சிப் பாதுகாப்புக்கு மனு போட அதுதான் ஆதாரம்.

வழக்கு முடித்துவைக்கப்பட்டால் புகார்தாரருக்கு நோட்டீஸ் வர வேண்டும். இங்கே ஆர்.சி.எஸ். நோட்டீஸ் (போலீஸ் வழக்கை முடித்துவைத்த தகவல்) என்பார்கள். 'கையெழுத்துப் போட்டு வாங்கிக்கோங்க' என்று நீட்டும் தாள் அதுவாக இருக்கலாம், படிக்காமல் வாங்க வேண்டாம். ஆட்சேபணை மனு போட வழி அதில்தான் திறக்கிறது. விடுதலைத் தீர்ப்பை எதிர்த்துப் பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யலாம், பி.என்.எஸ்.எஸ். 413. பலருக்கும் அரசுதான் செய்ய வேண்டும் என்ற நினைப்பு.

இழப்பீடு தண்டனைக்காகக் காத்திருப்பதில்லை. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் எஃப்.ஐ.ஆர். நகலோடு மனு. 2018 தேசியத் திட்டப்படி வன்புணர்வுக்கு 4 முதல் 7 லட்சம், கூட்டு வன்புணர்வுக்கு 5 முதல் 10 லட்சம். இடைக்காலத் தொகையை அதே மனுவில் தனியாகக் கேளுங்கள். கேட்காவிட்டால் தானாக வராது.

---

சிறகுக்கூடு:

18க்குக் கீழ் என்றால் மேலே உள்ளதில் பாதி மாறும், குறிப்பில் ஒரு பெட்டி போட்டுவிடுங்கள். போக்சோவில் தெரிந்தும் சொல்லாமலிருப்பதே குற்றம், எனவே 'வழக்கு வேண்டாம்' என்ற தேர்வு தன்னார்வலருக்கு இல்லை. வாக்குமூலம் குழந்தை இருக்கும் இடத்தில், சீருடை இல்லாமல், கூடியவரை உதவி ஆய்வாளருக்குக் குறையாத பெண் அதிகாரியால். சிறுமியைப் பெண் மருத்துவர்தான் பரிசோதிக்க வேண்டும், வெள்ளைக்கோட்டு சொன்ன ஆண் மருத்துவர் விஷயம் இங்கே செல்லாது. கூண்டில் கேள்விகளை நேரே கேட்கக் கூடாது, நீதிபதி வழியாகத்தான். குழந்தைகள் நலக் குழுவுக்கு 24 மணி நேரத்துக்குள் தகவல் போயிற்றா என்று பாருங்கள், துணைநபரை நியமிப்பது அவர்கள்தான்.

---

வழக்குக்கட்டு:

ஒன்று விட்டுப்போனது. பி.என்.எஸ். 72. பெயர் மட்டுமல்ல, அடையாளம் தெரியவைக்கும் எதையும் வெளியிட்டால் இரண்டு வருடம் வரை. பள்ளி, தெரு, அப்பாவின் கடை, எல்லாம் அதில் வரும். வாய்தா சொன்ன அந்தச் சென்னை வழக்கில் எஃப்.ஐ.ஆரே இணையத்தில் கசிந்து, 25 லட்சம் இடைக்கால இழப்பீடு கொடுக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட வேண்டியிருந்தது. தன்னார்வலர் குழுக்களில் நடப்பது இதைவிடச் சாதாரணம்: சரிபார்க்க என்று புகாரைப் படமெடுத்து வாட்ஸ்அப் குழுவில் போடுவது. நாற்பது பேர் உள்ள குழு. நகல் காகிதத்தில் ஒருவர் கையில் இருக்கட்டும், குழுவில் எஃப்.ஐ.ஆர். எண்ணும் தேதியும் போதும்.

---

கரையோரக்கல்:

குழுவில் ஏற்கெனவே இரண்டு படம் கிடக்கிறது. இப்போதே அழிக்கச் சொல்கிறேன், பதிவிறக்கியவர்கள் போனிலும்.